மூக்கில் விட்ட குச்சி எங்கே போகிறது?

ஃப்ளூ பற்றி வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் என்னை 'டாக்டரம்மா' என்று விளித்திருக்கின்றன. நான் டாக்டர் இல்லை. ஒரு தேசிய இன்ஃப்ளூயன்சா மையத்தில் 31 வருடம் வைரஸ் பார்த்த லேப்காரி. நோயாளிகளின் முகத்தை நான் பார்த்ததில்லை, அவர்கள் சளியைத்தான் பார்த்திருக்கிறேன். அதனால் என்ன மாத்திரை போடலாம் என்று கேட்டவர்கள் மன்னிக்க வேண்டும். மற்ற கேள்விகளுக்கு வருவோம்.

காய்ச்சலும் இருமலுமாக மருத்துவமனைக்குப் போனேன். மூக்கில் நீளக் குச்சியை விட்டுச் சளி எடுத்தார்கள். "உலகக் கண்காணிப்புக்கு" என்றார்கள். இரண்டு மாதம் ஆகிறது, ரிசல்ட் வரவே இல்லை. என் சளியை வைத்து என்னதான் செய்தார்கள்? — பஸ் ஓட்டுநர் ஒருவர்

உங்கள் கோபம் நியாயமானது. கண்ணில் நீர் வரும்வரை குச்சியை விட்டுவிட்டு, அப்புறம் ஒரு வார்த்தை சொல்லாமல் இருப்பது சரியில்லை. ஆனால் அந்தச் சோதனை உங்கள் வைத்தியத்துக்காக எடுத்தது அல்ல. ஊரில் என்ன வைரஸ் ஓடுகிறது என்று பார்க்க எடுத்தது. எடுக்கும்போதே அதைச் சொல்லியிருக்க வேண்டும்.

உங்களை ஏன் பிடித்தார்கள் என்றால் அதற்கு ஒரு விதி உண்டு. 38 டிகிரி செல்சியஸ் அல்லது அதற்கு மேல் காய்ச்சல், கூடவே இருமல், தொடங்கி 10 நாளுக்குள். இந்த மூன்றும் இருந்தால் 'ஃப்ளூ போன்ற நோய்' என்ற கணக்கில் வருவீர்கள். ஆஸ்பத்திரியில் படுக்க வைக்கும் அளவுக்குப் போனால் 'கடுமையான சுவாசத் தொற்று' என்ற இன்னொரு கணக்கு. உலக சுகாதார நிறுவனம் வகுத்த அளவுகோல் இது. ஒரு நாட்டில் தும்மினவரை எல்லாம் சேர்த்து எண்ணி, இன்னொரு நாட்டில் படுத்தவரை மட்டும் எண்ணினால் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க முடியாது.

குச்சியின் முனை ஒரு சின்னக் குழாய்க்குள் போகிறது. அதில் இளஞ்சிவப்பாக ஒரு திரவம் இருக்கும். வைரஸ் சாகாமல் இருக்க உப்பும் புரதமும், பாக்டீரியா வளராமல் இருக்க மருந்தும் கலந்தது. ஐஸ் பெட்டியில் 2 முதல் 8 டிகிரிக்குள் லேபுக்கு வர வேண்டும். நாலைந்து நாளில் வராது என்றால் மைனஸ் 70-இல் உறைய வைக்க வேண்டும். பெட்டியைத் திறந்ததும் நாங்கள் முதலில் பார்ப்பது நிறத்தை. ரோஜா நிறம் மஞ்சளாகியிருந்தால் உள்ளே வேறு ஏதோ வளர்ந்து புளித்துவிட்டது என்று அர்த்தம். ஒருமுறை நீண்ட விடுமுறைக்குப் பிறகு வந்த பெட்டியில் ஐஸ் எல்லாம் தண்ணீர். குழாய்கள் அந்தத் தண்ணீரில் மிதந்துகொண்டிருந்தன. பால்பாயிண்ட் பேனாவில் எழுதிய லேபிள்கள் கரைந்து நீலச் சாயமாக ஓடியிருந்தன. 14 குழாய், எது யாருடையது என்று தெரியவில்லை. அனுப்பிய இடத்தின் பெயரைச் சொல்ல மாட்டேன். அன்று நான் பேசிய பேச்சையும் சொல்ல மாட்டேன்.

நல்லபடியாக வந்து சேர்ந்தால், வைரஸின் மரபணுவைத் தேடும் பிசிஆர் சோதனை. ஃப்ளூவா இல்லையா, ஏ வகையா பி வகையா, ஏ என்றால் எச்1 இனமா எச்3 இனமா என்று அது சொல்லும். அந்த வாரத்தில் எத்தனை சாம்பிள் பார்த்தோம், எதில் என்ன கிடைத்தது என்ற எண்ணிக்கை ஃப்ளூநெட் என்ற உலகப் பொதுத் தளத்தில் ஏறும். 1997-லிருந்து இது வாரா வாரம் நடக்கிறது. உங்கள் பெயர் போகாது. அட்டவணையின் ஒரு கட்டத்தில் இருக்கும் எண்ணில் நீங்கள் ஒருவர், அவ்வளவுதான்.

வைரஸ் நன்றாக இருந்தால் அதை வளர்த்து, சிலவற்றைப் பொறுக்கி, லண்டன், அட்லாண்டா, மெல்போர்ன், டோக்கியோ, பெய்ஜிங் ஆகிய இடங்களில் இருக்கும் உலக சுகாதார நிறுவனத்தின் ஒத்துழைப்பு மையங்களில் ஒன்றுக்கு அனுப்புவோம். குழாய், அதைச் சுற்றி கசியாத டப்பா, அதைச் சுற்றிக் கெட்டிப் பெட்டி என்று மூன்று உறை. மேலே, உள்ளே நோய்ச் சாம்பிள் இருக்கிறது என்று சொல்லும் 'யுஎன் 3373' எண் எழுதிய சாய்சதுர லேபிள், உள்ளே உலர் ஐஸ். உங்கள் வைரஸுக்கு விமானப் பயணம் வாய்த்திருக்கவும் கூடும்.

ஒரு நாட்டில் கோடிக்கணக்கான பேர் இருக்கிறார்கள். வாரம் சில நூறு பேர் மூக்கில் குச்சி விட்டால் நாட்டு நிலவரம் தெரிந்துவிடுமா? — கணித ஆசிரியர்

ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்று நீங்களே வகுப்பில் சொல்லியிருப்பீர்களே. ஆனால் பானையைக் கிளறியிருக்க வேண்டும். ஒரே பெரிய மருத்துவமனையில் குழந்தைகள் பிரிவில் மட்டும் எடுத்தால் அது குழந்தைகளின் நிலவரம், அவ்வளவே. அதனால்தான் நாடு முழுவதும் பரவலாகச் சில இடங்களைத் தேர்ந்தெடுத்து, எல்லா வயதிலும், அதே இடத்தில், வாரா வாரம் எடுப்பது. எத்தனை பேருக்கு ஃப்ளூ என்று எண்ணுவது நோக்கமல்ல, அது யாராலும் முடியாது. நூறு சாம்பிளில் போன வாரம் ஐந்தில் ஃப்ளூ, இந்த வாரம் பதினெட்டில் என்றால் அலை ஏறுகிறது. அந்த ஏற்றம்தான் எங்களுக்கு வேண்டியது.

யாருக்கும் பெரிதாகக் காய்ச்சல் இல்லாத மாதங்களிலும் எடுப்பீர்களா என்று ஒரு அதிகாரி என்னிடம் கேட்டார், செலவைக் குறைக்கும் யோசனையில். கட்டாயம் எடுப்போம் என்றேன். சும்மா இருக்கும் மாதம் எப்படி இருக்கும் என்ற பதிவு கையில் இல்லாவிட்டால், சும்மா இல்லாத மாதம் வரும்போது எதோடு ஒப்பிடுவது? அவர் தலையாட்டினார். அடுத்த வருடம் நிதியையும் குறைத்தார்.

வைரஸ் "உருமாறிவிட்டது" என்று செய்தியில் சொல்கிறார்கள். கண்ணுக்கே தெரியாத ஒன்று மாறியது எப்படித் தெரிகிறது? — கல்லூரி மாணவி

இந்தக் கேள்விக்காகவே இந்தப் பகுதியை எழுத ஒப்புக்கொண்டேன் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

1941-இல் ஜார்ஜ் ஹிர்ஸ்ட் என்ற அமெரிக்க விஞ்ஞானி ஃப்ளூ வைரஸ் வளர்த்த கோழி முட்டைகளைக் கையாண்டுகொண்டிருந்தார். உள்ளே ஒரு ரத்தக் குழாய் கிழிந்து ரத்தம் திரவத்தில் கலந்தது. கலந்த ரத்தம் பரவாமல் திட்டுத் திட்டாகக் கட்டிக்கொண்டது. வைரஸ்தான் சிவப்பணுக்களைப் பிடித்து ஒன்றோடொன்று கோத்துவிடுகிறது என்று கண்டுபிடித்தார். பிடிப்பது வைரஸின் மேலிருக்கும் முள். 'எச்' என்று சொல்கிறோமே, ஹெமக்ளூட்டினின், அந்த முள்ளுக்குப் பெயர் வந்தது அதனால்தான். எச்1, எச்3, எச்5 எல்லாம் அந்த முள்ளின் ரகங்கள். 'என்' இன்னொரு புரதம்.

இப்போது 96 குழி உள்ள ஒரு பிளாஸ்டிக் தட்டை நினைத்துக்கொள்ளுங்கள். உள்ளங்கையை விடக் கொஞ்சம் பெரிது. ஒவ்வொரு குழியிலும் ஒரே அளவு வைரஸ். அதோடு, பழைய வைரஸுக்கு எதிராக உண்டான எதிர்ப்புப் பொருள். முதல் குழியில் கெட்டியாக, அடுத்ததில் பாதி, அதற்கடுத்ததில் அதில் பாதி என்று நீர்த்துக்கொண்டே போகும். கடைசியில் எல்லாவற்றிலும் வான்கோழியின் அல்லது கினிப்பன்றியின் சிவப்பணு ஒரு சொட்டு. அரை மணி நேரம் அசைக்காமல் வைக்க வேண்டும். இருமக்கூடக் கூடாது என்று எங்கள் மூத்த டெக்னீஷியன் சொல்வார்.

வைரஸை எதிர்ப்புப் பொருள் கட்டிப்போட்டிருந்தால் சிவப்பணுக்களைப் பிடிக்க ஆள் இல்லை. அவை இறங்கி அடியில் சின்னச் சிவப்புப் பொட்டாக உட்காரும். வைரஸ் தப்பித்திருந்தால் சிவப்பணுக்களை வலையாகக் கோத்துவிடும். குழி முழுக்க மங்கலான இளஞ்சிவப்பு மூட்டம். சந்தேகம் வந்தால் தட்டைச் சாய்த்துப் பார்ப்போம். பொட்டு என்றால் கண்ணீர்த் துளி மாதிரி கீழ்நோக்கி வழியும். மூட்டம் என்றால் அசையாது.

பழைய வைரஸ் எட்டாவது குழி வரை பொட்டு காட்டுகிறது, புதிதாக வந்தது ஐந்தோடு நின்றுவிடுகிறது என்று வையுங்கள். மூன்று குழி வித்தியாசம். ஒவ்வொரு குழியும் இரண்டு மடங்கு என்பதால் இது எட்டு மடங்கு. ஒரு குழி வித்தியாசம் கை நடுக்கத்தால்கூட வரும், அதை நம்ப மாட்டோம். எட்டு மடங்கு என்றால் முள் மாறிவிட்டது, பழைய எதிர்ப்பு சக்திக்கு இதை அடையாளம் தெரியவில்லை. அப்படி ஒரு தட்டைப் பார்த்துவிட்டு நான் மூன்று முறை திரும்பச் செய்தேன். மூன்றாவது முறையும் அதே இடத்தில் நின்றது. அந்தச் சாம்பிளைத்தான் அந்த வாரமே பெட்டி கட்டி அனுப்பினோம்.

எதிர்ப்புப் பொருள் எங்கிருந்து வருகிறது என்று அடுத்து கேட்பீர்கள். ஃபெரெட் என்ற பிராணியிடமிருந்து, பார்க்கக் கீரிப்பிள்ளை சாயல். மனிதர்களை வாட்டும் ஃப்ளூ அதற்கும் அப்படியே பிடிக்கும் என்று 1933-இல் லண்டனில் ஸ்மித், ஆண்ட்ரூஸ், லெய்ட்லா என்ற மூவர் கண்டார்கள். மனித ஃப்ளூ வைரஸ் முதன்முதலில் கையில் சிக்கியதே அந்த ஃபெரெட்டுகளால்தான். பின்னர் அதே குழுவில் ஓர் ஃபெரெட் ஆராய்ச்சியாளர் முகத்திலேயே தும்மி, அவர் படுத்துவிட்டார். அவர் தொண்டையிலிருந்து அந்த வைரஸைத் திரும்ப எடுத்தார்கள். கண்காணிப்புக்கு ஃபெரெட் உதவுவது வேறொரு காரணத்தால். நீங்களும் நானும் பிறந்தது முதல் பத்துப் பதினைந்து ஃப்ளூ பார்த்திருப்போம், நம் ரத்தத்தில் எல்லாம் கலந்து கிடக்கும். எதையும் பார்த்திராத ஃபெரெட்டின் ரத்தத்தில் நாம் கொடுத்த ஒன்றின் சுவடு மட்டுமே இருக்கும்.

இப்போது மரபணு வரிசையும் படிக்கிறோம். ஃப்ளூவின் மரபணு எட்டுத் துண்டு, எந்த எழுத்து மாறியது என்பது வரை தெரிந்துவிடும். சில எச்3என்2 வைரஸ்கள் சிவப்பணுவைச் சரியாகப் பிடிப்பதில்லை என்பதால் வேறு சோதனைகளும் உண்டு. ஆனாலும் எழுத்து மாறியது என்பதும் குணம் மாறியது என்பதும் ஒன்றல்ல.

வருடா வருடம் ஃப்ளூ ஊசி போட்டும் எனக்கு ஃப்ளூ வந்தது. எந்த வைரஸ் வரும் என்று இவர்கள் குத்துமதிப்பாகத்தான் சொல்கிறார்களாமே? — ஓய்வு பெற்ற வங்கி ஊழியர்

குத்துமதிப்பு என்று சொன்னால் எனக்குக் கோபம் வரும், முழுக்கத் தவறென்றும் சொல்ல முடியாது. உலக சுகாதார நிறுவனம் வருடத்தில் இரண்டு கூட்டம் நடத்தும். வட அரைக்கோளத்தின் குளிர்காலத்துக்காகப் பிப்ரவரியில், தென் அரைக்கோளத்துக்காகச் செப்டம்பரில். உலகெங்கிலுமிருந்து வந்த தட்டுகள், மரபணு வரிசைகள், மனிதர்களின் ரத்த மாதிரிகள் எல்லாவற்றையும் பரப்பி வைத்து, வரப்போகும் பருவத்துக்கு எந்த வைரஸ்களை ஊசியில் வைக்கலாம் என்று சொல்வார்கள். அதன்பிறகு ஊசி தயாராக ஏறக்குறைய ஆறு மாதம். அந்த ஆறு மாதமும் வைரஸ் சும்மா உட்கார்ந்திருக்காது.

2003-இல் நடந்ததைச் சொல்கிறேன். ஃபூஜியன் என்று பெயரிட்ட எச்3என்2 ஒன்று மாறி வருவது தெரிந்துவிட்டது. முடிவைச் சில வாரம் தள்ளிக்கூட வைத்துப் பார்த்தார்கள். ஆனால் ஊசி தயாரிக்கத் தகுந்தபடி முட்டையில் வளரும் ஃபூஜியன் வைரஸ் நேரத்துக்குக் கிடைக்கவில்லை. வேறு வழியின்றிப் பழைய பனாமா வைரஸையே வைத்தார்கள். ஆக, கண்காணிப்பு சரியாகவே பிடித்தது. கோழி முட்டைதான் ஒத்துழைக்கவில்லை. 2014-இல் வேறு மாதிரி: முடிவு எடுத்த பிறகு எச்3என்2 விலகிப் போனது. அந்தப் பருவத்தில் அமெரிக்காவில் ஊசியின் பலன் 20 சதவீதத்தைக்கூடத் தொடவில்லை.

பொருந்தாத வருடத்திலும் ஊசி படுக்கையில் விழாமல் காக்க ஓரளவு உதவும் என்பதால் நான் தவறாமல் போட்டுக்கொள்கிறேன். எனக்கும் இரண்டு முறை ஃப்ளூ வந்தது. இரண்டு முறையும் நானே என் மூக்கில் குச்சி விட்டு எடுத்துக்கொண்டேன். பழக்கதோஷம்.

நாயின் சிறுநீரகத்தில் வைரஸ் வளர்க்கிறார்களாமே, உண்மையா? எத்தனை நாய்களைக் கொல்கிறார்கள்? — பிராணிகள் நேசிப்பவர்

ஒன்றைக்கூட இல்லை. 1958-இல் மேடின், டார்பி என்ற இருவர் ஒரு காக்கர் ஸ்பேனியல் நாயின் சிறுநீரகத்திலிருந்து எடுத்த செல்கள், அன்றிலிருந்து பிரிந்து பிரிந்து வளர்ந்துகொண்டே இருக்கின்றன. உலகம் முழுக்க லேப்களில் இருப்பது அந்த ஒரே நாயின் வாரிசு. எங்கள் இன்குபேட்டரிலும் இருந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை யாராவது போய் அதற்குப் புதுத் தீனித் திரவம் மாற்ற வேண்டும். வீட்டில் நாய் வளர்க்காதவர்களும் அந்தக் கடமையிலிருந்து தப்ப முடியாது.

இந்த உலகக் கண்காணிப்பை யார், எதற்கு ஆரம்பித்தார்கள்? — நூலகர்

இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு. 1947-இல் கையிலிருந்த ஊசி அந்த வருடத்து வைரஸிடம் பலிக்கவில்லை. ஓரிடத்து லேப் மட்டும் பார்த்தால் போதாது என்று உறைத்தது. அதே வருடம் லண்டனில் உலக இன்ஃப்ளூயன்சா மையம், 1952-இல் பல நாட்டு லேப்கள் சேர்ந்த வலைப்பின்னல். உலக சுகாதார நிறுவனத்தின் மிகப் பழைய ஏற்பாடுகளில் ஒன்று. இன்று ஏறக்குறைய 130 நாடுகளில் தேசிய மையங்கள் இருக்கின்றன.

வலையில் ஓட்டை இருந்தால் என்ன ஆகும் என்று 1957 காட்டியது. அந்த வருடத் தொடக்கத்தில் சீனாவின் தென்மேற்கில் புது ஃப்ளூ கிளம்பியது. சீனா அப்போது வலைப்பின்னலில் இல்லை, அதனால் வெளியே யாருக்கும் தெரியவில்லை. ஏப்ரலில் ஹாங்காங்கில் மருத்துவமனை வாசலில் கூட்டம். மோரிஸ் ஹில்மேன் என்ற விஞ்ஞானி வாஷிங்டனில் உட்கார்ந்து நியூயார்க் டைம்ஸ் பேப்பரில் அந்தச் செய்தியைப் படித்தார். தாய்மார் முதுகில் கண்கள் செருகிய குழந்தைகளைச் சுமந்து வரிசையில் நிற்கிறார்கள் என்று இருந்தது. இது சாதாரண ஃப்ளூ இல்லை என்று அந்த வரியிலிருந்தே அவருக்குப் பொறி தட்டியது. ராணுவத்தின் மூலம் ஒரு கடற்படை வீரரின் தொண்டை கழுவிய நீரை வரவழைத்துப் பார்த்தார். முதியவர்கள் சிலரைத் தவிர யாரிடமும் அதற்கு எதிர்ப்பு சக்தி இல்லை. இலையுதிர்காலத்தில் பெரிய அலை வரும் என்றார். ஊசி தயாரிக்கக் கருவுற்ற முட்டை ஏராளமாக வேண்டியிருக்கும், அதனால் சேவல்களைக் கொன்றுவிடாதீர்கள் என்று கோழிப் பண்ணைக்காரர்களுக்குச் சொல்லி அனுப்பினார். உலகம் முழுக்க 10 லட்சத்துக்கு மேல் இறந்தார்கள். ஆனால் அலை உச்சத்துக்குப் போகும் முன்பே அமெரிக்காவில் ஊசி வந்துவிட்டது. ஒரு பெருந்தொற்றைச் செய்தித்தாள் படித்துக் கண்டுபிடித்தார்கள் என்பதை லேப்காரியாக நான் கொஞ்சம் வெட்கத்தோடுதான் சொல்கிறேன்.

ஏழை நாடுகள் வைரஸைச் சும்மா கொடுக்க வேண்டுமாம். அதிலிருந்து செய்த ஊசியை விலை கொடுத்து வாங்க வேண்டுமாம். இது என்ன நியாயம், மேடம்? — சட்ட மாணவர்

நியாயமே இல்லை. இதை நான் மட்டும் சொல்லவில்லை, 2007-இல் இந்தோனேசியா உலகத்துக்கே சொன்னது. அங்கே எச்5என்1 பறவைக் காய்ச்சலில் பலர் இறந்துகொண்டிருந்தார்கள். அவர்கள் அனுப்பிய வைரஸை வைத்து வெளிநாட்டு நிறுவனம் ஒன்று ஊசி தயாரிக்கிறது என்று தெரிய வந்தது. சுகாதார அமைச்சர் சித்தி ஃபாதிலா சுபாரி, இனி சாம்பிள் அனுப்ப மாட்டோம் என்று நிறுத்திவிட்டார்.

அப்போது எங்கள் லேபில் இரண்டு கட்சி. வைரஸை அடைத்து வைத்தால் உலகமே குருடாகிவிடும் என்று ஒரு கட்சி. கொடுத்துக்கொண்டே இருந்தால் கொடுப்பவன் கை காலியாகவேதான் இருக்கும் என்று இன்னொரு கட்சி. நான் முதல் கட்சியில் இருந்தேன். இப்போது யோசித்தால், அந்த அமைச்சர் கதவைச் சாத்தாமல் இருந்திருந்தால் யாரும் பேச வந்திருக்க மாட்டார்கள் என்று தோன்றுகிறது. சாத்தியது ஆபத்துதான். ஆனால் பலித்தது.

நான்கு வருடப் பேச்சுக்குப் பிறகு 2011 மே மாதம் ஓர் ஒப்பந்த ஏற்பாடு வந்தது. பெருந்தொற்றாகக்கூடிய ஃப்ளூ வைரஸை நாடுகள் உடனே பகிர வேண்டும். வலைப்பின்னலைப் பயன்படுத்தும் ஊசி, மருந்து, சோதனைக் கருவி நிறுவனங்கள் அதை நடத்தும் செலவில் பாதிக்கு ஈடான தொகையை வருடா வருடம் தர வேண்டும், அது 2 கோடியே 80 லட்சம் டாலர். பெருந்தொற்று வந்தால் ஊசியில் ஒரு பங்கை உலக சுகாதார நிறுவனத்துக்கு ஒதுக்குவதாக நிறுவனங்கள் முன்கூட்டியே கையெழுத்துப் போட வேண்டும். குறை இல்லாமல் இல்லை. வருடா வருடம் வரும் சாதாரண ஃப்ளூ இதில் சேராது. குழாயே வேண்டாம், மரபணு வரிசை கணினியில் கிடைத்தால் போதும் என்ற காலம் வந்துவிட்டபோது அந்த வரிசைக்கு யார் என்ன தருவது என்பதும் சிக்கல். 2025 மே மாதம் ஏற்கப்பட்ட பெருந்தொற்று உடன்படிக்கையிலும் இந்தப் பங்கீட்டு விஷயம்தான் பேசி முடியாமல் தனி இணைப்பாகத் தள்ளிப் போடப்பட்டது. சட்டம் படிக்கிறீர்கள், உங்களுக்கு இதில் நிறைய வேலை இருக்கிறது.

கொரோனா சமயத்தில் ஃப்ளூவே இல்லை என்றார்கள். ஃப்ளூவைத்தான் கொரோனா என்று எழுதினார்களோ? — பெயர் வேண்டாம் என்றவர்

அந்தத் தட்டுகளைப் பார்த்த கை இது, அதனால் சொல்கிறேன். இரண்டு வைரஸும் தூரத்து உறவுகூட இல்லை. பிசிஆரில் ஒன்றைத் தேடும் சாவி மற்றதன் பூட்டில் நுழையாது. அந்த வருடங்களில் பல நாடுகள் ஃப்ளூவையும் நிறுத்தாமல் தேடின, கிடைக்கவில்லை. பள்ளி மூடி, பயணம் நின்று, முகக்கவசம் போட்டால் கொரோனாவை விடக் குறைவாகத் தொற்றும் ஃப்ளூ தாக்குப்பிடிக்காது.

இதில் ஒரு சாவும் நடந்தது. பி வகையில் யமகாட்டா என்று ஒரு கிளை. 2020 மார்ச்சுக்குப் பிறகு அது உலகில் எங்கும் உறுதியாகப் பிடிபடவில்லை. 2023 செப்டம்பரில், இனி ஊசியில் அதற்கு இடம் தேவையில்லை என்று நிபுணர்கள் சொல்லிவிட்டார்கள். நான்கு வைரஸ் ஊசி மூன்றாகக் குறைந்தது அதனால்தான். நான் ஓய்வு பெறும் நாளில் மைனஸ் 80 பெட்டியின் கணக்கை ஒப்படைத்தபோது, யமகாட்டா என்று எழுதிய ஒரு தட்டு முழுக்கக் குழாய்கள் இருந்தன. எத்தனை பேரைப் படுக்க வைத்தது, இப்போது பெட்டிக்குள் மட்டும்.

பறவைக் காய்ச்சல் மனிதர்களுக்கு வந்தால் நமக்கு எப்போது தெரியும்? — கோழிப் பண்ணை வைத்திருப்பவர்

1997-இல் ஹாங்காங்கில் மே மாதம் மூன்று வயதுக் குழந்தை இறந்தது. கிடைத்த வைரஸ் எந்த ரகத்திலும் சேரவில்லை. வெளிநாட்டு லேப்களுக்கு அனுப்பி, எச்5என்1 என்று தெரிய ஆகஸ்ட் ஆனது. அதற்குமுன் அது மனிதரிடம் கண்டதே இல்லை. மொத்தம் 18 பேருக்கு வந்து 6 பேர் இறந்தார்கள். வருடக் கடைசியில் அங்கிருந்த கோழிகள் அத்தனையையும் கொன்றார்கள், பத்து லட்சத்துக்கு மேல்.

இன்று அந்த மூன்று மாதம் ஓரிரு நாளாகச் சுருங்கிவிட்டது, எச்5 தேடும் பிசிஆர் தேசிய மையங்களிடம் இருக்கிறது. 2007-இல் நடைமுறைக்கு வந்த சர்வதேச சுகாதார விதிகளின்படி, புது ரக ஃப்ளூ ஒரே ஒரு மனிதரிடம் இருந்தாலும் நாடு 24 மணி நேரத்துக்குள் உலக சுகாதார நிறுவனத்துக்குச் சொல்ல வேண்டும். எச்5என்1 இதுவரை மனிதரிலிருந்து மனிதருக்குத் தொடர்ந்து தாவக் கற்கவில்லை. ஆனால் 2024 மார்ச்சில் அமெரிக்காவில் கறவை மாடுகளிடம் வந்தபோது எங்களைப் போன்றவர்களே அசந்துபோனோம். மாட்டு மடியில் ஃப்ளூவைத் தேட யாருக்குத் தோன்றும்?

உங்களுக்கு ஒன்று. பண்ணையில் கோழிகள் திடீரென்று கொத்தாக விழுந்தால் விற்றுத் தீர்க்கப் பார்க்காதீர்கள், கால்நடை மருத்துவரைக் கூப்பிடுங்கள். அந்தக் கோழிகளைத் தொட்டவருக்குக் காய்ச்சலோ கண் சிவப்போ வந்தால் டாக்டரிடம் முதல் வாக்கியமாகக் கோழியைச் சொல்லச் சொல்லுங்கள். அவர் கேட்கும்வரை காத்திருக்க வேண்டாம்.

எச்எம்பிவி என்று புது வைரஸ் வந்திருக்கிறதாமே? — இரண்டு குழந்தைகளின் தாய்

சளியும் இருமலும் தரும் வைரஸ் அது, புதிதில்லை. 2025 ஜனவரியில் கிளம்பிய பீதியில் எனக்கு வந்த ஃபோன்களுக்குக் கணக்கில்லை. 2001-இல் நெதர்லாந்தில் கண்டுபிடித்தார்கள், அதுவும் 20 வருடமாகச் சேர்த்து வைத்திருந்த 28 குழந்தைகளின் சாம்பிள்களிலிருந்து. பழைய ரத்த மாதிரிகளைப் பார்த்தால் 1958-லேயே ஊரில் இருந்திருக்கிறது. நாம் பார்க்கவில்லை என்பதால் அது இல்லாமல் போகவில்லை. ஃப்ளூவுக்காக எடுக்கும் அதே குச்சியில் இப்போது கொரோனாவையும், குழந்தைகளின் மூச்சுக்குழாயைத் தாக்கும் ஆர்எஸ்வி வைரஸையும் தேடுகிறோம். கைக்குழந்தைகளுக்கு இதில் நான் பயப்படுவது ஆர்எஸ்விக்குத்தான்.

என் மகள் ஒரு வைரஸ் லேபில் சேர்ந்து ஆறு மாதம் ஆகிறது. வாரா வாரம் அதே குழாய், அதே தட்டு, அதே ரிப்போர்ட், சலித்துவிட்டது என்கிறாள். என்ன சொல்லட்டும்? — ஒரு தந்தை

சலிக்கத்தான் செய்யும், எனக்கும் சலித்தது. 2009 ஏப்ரலில் நடந்ததை மட்டும் அவளிடம் சொல்லுங்கள். தென் கலிஃபோர்னியாவில் பத்து வயதுப் பையன் ஒருவன், ஒன்பது வயதுப் பெண் ஒருத்தி. பக்கத்துப் பக்கத்து மாவட்டம், ஒருவரை ஒருவர் தெரியாது, பன்றி பக்கம் போனதும் இல்லை. சாதாரணக் காய்ச்சல், இருவரும் தேறிவிட்டார்கள். பையனின் சாம்பிள் ஒரு புதுச் சோதனைக் கருவியைப் பரீட்சை பார்க்க எடுத்தது, பெண்ணுடையது வழக்கமான கண்காணிப்பில் வந்தது. இரண்டிலும் ஒரே பதில்: ஏ வகை ஃப்ளூ, ஆனால் எச்1-உம் இல்லை, எச்3-உம் இல்லை. சோதனை சரியாக வரவில்லை என்று குப்பையில் போட எல்லாக் காரணமும் இருந்தது. யாரோ போடவில்லை. அட்லாண்டாவுக்கு அனுப்பினார்கள். ஏப்ரல் 15-இலும் 17-இலும் போய்ச் சேர்ந்தன. பன்றியிலிருந்து வந்த புது எச்1என்1. ஜூன் 11-இல் பெருந்தொற்று என்று அறிவித்தார்கள்.

அவள் லேபிலும் 'ரகம் தெரியவில்லை' என்று வரும் குழாய்களுக்குத் தனியாக ஓர் அடுக்கு இருக்கும். இருக்கிறதா என்று கேளுங்கள். இல்லையென்றால் நாளைக்கே ஒன்று ஒதுக்கி, லேபிளைத் தண்ணீரில் கரையாத பேனாவில் எழுதச் சொல்லுங்கள்.